வாய்தா மேல் வாய்தா: வழக்கைச் சீக்கிரம் முடிக்கச் சொல்லிக் கேட்பது எப்படி?

காலை பத்தரைக்கு மேஜிஸ்திரேட் கோர்ட்டில் தபேதார் பெயர் கூப்பிடத் தொடங்குவார். வராந்தாவில் நிற்கிற கூட்டம் அத்தனையும் காதைத் தீட்டிக்கொண்டு நிற்கும். தன் பெயர் காதில் விழுந்ததும் செருப்பை வாசலில் விட்டுவிட்டு உள்ளே ஓடி, கையைக் கட்டிக்கொண்டு நிற்பார்கள். அரை நிமிடம்கூட ஆகாது. "சாட்சி வரவில்லை", "ஏ-3 (மூன்றாவது குற்றஞ்சாட்டப்பட்டவர்) ஆஜராகவில்லை", "ஐ.ஓ. (புலன்விசாரணை அதிகாரி) வேறு டூட்டியில் இருக்கிறார்" என்று ஏதோ ஒன்று சொல்லப்படும். பெஞ்ச் கிளார்க் ஒரு தேதியைச் சொல்வார். அதைச் சட்டைப்பை டைரியில் குறித்துக்கொண்டு பஸ் ஏற வேண்டியதுதான். அன்றைய கூலி போனது போனதுதான்.

கிரிமினல் கோர்ட்டில் வழக்கு நடத்தும் எனக்கு அந்த வராந்தாவில் வாரம் ஒருவரிடமிருந்தாவது இந்தக் கேள்வி வந்துவிடும்: "சார், ஹைகோர்ட்டில் ஸ்பீடி ட்ரையல் பெட்டிஷன் போட்டால் சீக்கிரம் முடிஞ்சிடுமாமே?" கேட்கிறவர்களில் குற்றம் சாட்டப்பட்டவர்கள் உண்டு; அடிபட்டுப் புகார் கொடுத்தவர்களும் உண்டு. சட்டம் படிக்காதவர்களுக்குப் புரிகிற மாதிரி இதை விளக்கிச் சொல்ல வேண்டும் என்று நெடுநாளாக நினைத்திருந்தேன்.

சுருக்கமான பதில் இது. கேட்க உங்களுக்கு உரிமை இருக்கிறது. ஆனால் "சீக்கிரம் முடியுங்கள்" என்று மட்டும் கேட்டால் பெரும்பாலும் காரியம் நடக்காது. வழக்கு எந்த இடத்தில் சிக்கி நிற்கிறது என்பதைக் கண்டுபிடித்து, அந்தச் சிக்கலை அவிழ்க்கச் சொல்லிக் கேட்டால்தான் அது நகரும்.

உரிமை எங்கிருந்து வந்தது?

நம் அரசியல் சட்டத்தைப் புரட்டிப் பார்த்தால் "விரைவான விசாரணை" என்ற சொற்றொடரே இருக்காது. அமெரிக்க அரசியல் சட்டத்தின் ஆறாவது திருத்தத்தில் அது வெளிப்படையாகவே எழுதப்பட்டிருக்கிறது. நம்மிடம் இருப்பது 21-ஆவது பிரிவு: சட்டம் வகுத்த நடைமுறைப்படி அல்லாமல் யாருடைய உயிரையும் சுதந்திரத்தையும் பறிக்கக் கூடாது. அந்த ஒற்றை வரிக்குள் விரைவான விசாரணையும் அடங்கும் என்று உச்ச நீதிமன்றம் 1979-ல் சொன்னது.

அப்படிச் சொல்ல வைத்தது பீகார் சிறைகளின் நிலை. தேசிய போலீஸ் கமிஷன் உறுப்பினராக இருந்த கே.எஃப்.ருஸ்தம்ஜி அங்கே பார்த்ததை இந்தியன் எக்ஸ்பிரஸில் எழுதினார். அதைப் படித்த வழக்கறிஞர் கபிலா ஹிங்கோரானி, சிறையில் இருந்தவர்கள் சார்பில் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார். அதுதான் ஹுஸ்ஸைனாரா காத்தூன் வழக்கு. செய்ததாகச் சொல்லப்பட்ட குற்றத்துக்கு அதிகபட்ச தண்டனை கொடுத்திருந்தால் எத்தனை ஆண்டு உள்ளே இருந்திருப்பார்களோ, அதைவிட அதிக காலம் விசாரணையே தொடங்காமல் உள்ளே கிடந்தவர்கள் அந்தப் பட்டியலில் இருந்தார்கள். ஜாமீன் தொகை கட்டப் பணமில்லை என்பதே பலருடைய கதை. நியாயமான வேகம் இல்லாத நடைமுறையை நியாயமான நடைமுறை என்று சொல்ல முடியாது என்று நீதிபதி பி.என்.பகவதி தீர்ப்பு எழுதினார்.

அடுத்து வந்தது 1991 டிசம்பரில் ஐந்து நீதிபதிகள் கொடுத்த ஏ.ஆர்.அந்துலே தீர்ப்பு. இன்றுவரை இந்த விஷயத்தில் கோர்ட்டுகள் கையில் எடுக்கும் அளவுகோல் அதுதான். விரைவான விசாரணை உரிமை கோர்ட் விசாரணைக்கு மட்டும் உரியதல்ல. போலீஸ் புலன்விசாரணையில் தொடங்கி மேல்முறையீடு, மறுவிசாரணை வரை எல்லாக் கட்டத்துக்கும் பொருந்தும் என்றது அந்தத் தீர்ப்பு. கூடவே, தாமதத்துக்கு யார் காரணம் என்றுதான் முதலில் பார்க்க வேண்டும் என்றது. "நான் எப்போதும் அவசரப்படுத்தவே இல்லையே என்று சொல்லி என் உரிமையை மறுப்பார்களா?" என்று சிலர் பயப்படுவார்கள். கேட்கவில்லை என்பதற்காக மறுக்க முடியாது என்று அந்துலே தீர்ப்பே சொல்லிவிட்டது. அதே சமயம், கேட்டும் கிடைக்கவில்லை என்றால் அது உங்கள் பக்கம் நிற்கும் ஒரு வலுவான அம்சம் என்றும் சொன்னது. இதைக் கொஞ்சம் மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

இத்தனை ஆண்டுக்குள் முடியாவிட்டால் வழக்கே காலி என்று ஒரு கெடு உண்டா? இல்லை. 1990-களின் பிற்பாதியில் உச்ச நீதிமன்றத்தின் சில தீர்ப்புகள் அப்படிக் கெடு வைக்கப் பார்த்தன. 2002-ல் ஏழு நீதிபதிகள் பி.ராமச்சந்திர ராவ் வழக்கில் அவற்றை ஏற்க மறுத்துவிட்டார்கள். ஒவ்வொரு வழக்கையும் அதனதன் சூழ்நிலையை வைத்துத்தான் பார்க்க வேண்டும் என்பதே சட்டம். அரசுத் தரப்பு பல ஆண்டு அசையாமலே கிடந்த ஒரு லஞ்ச வழக்கை 2009-ல் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. ஆனால் ரயில்வே அமைச்சர் எல்.என்.மிஸ்ரா கொலை வழக்கைப் பாருங்கள். சமஸ்திபூரில் குண்டு வெடித்தது 1975 ஜனவரி 2. முப்பத்தைந்து ஆண்டுக்கு மேலாகியும் விசாரணை முடியவில்லை என்று குற்றஞ்சாட்டப்பட்டவர்கள் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்கள். 2012-ல் வழக்கை ரத்து செய்ய மறுத்து, நாள்தோறும் நடத்தி முடிக்கச் சொன்னது கோர்ட். தீர்ப்பு 2014 டிசம்பரில் வந்தது. ஆகவே காலம் போய்விட்டது என்ற ஒன்றை மட்டும் நம்பி, வழக்கு தானாக விழுந்துவிடும் என்று காத்திருக்க வேண்டாம்.

நிற்பது எங்கே?

பொதுவான காரணம் எல்லோருக்கும் தெரிந்தது. பத்து லட்சம் மக்களுக்கு 50 நீதிபதிகள் வேண்டும் என்று சட்ட ஆணையம் 1987-ல் சொன்னது. இன்று அதில் பாதியைக்கூட நாம் எட்டவில்லை. மாவட்ட அளவிலான கோர்ட்டுகளில் 4 கோடிக்கும் மேலான வழக்குகள் நிலுவையில் இருக்கின்றன, பெரும்பகுதி கிரிமினல் வழக்குகள். காலிப் பணியிடம் வேறு. இன்சார்ஜ் நீதிபதி தன் கோர்ட்டையும் பார்த்துக்கொண்டு பக்கத்துக் கோர்ட்டையும் பார்க்கிறார் என்றால், சாட்சியைக் கூண்டில் ஏற்ற அவருக்கு நேரம் ஏது?

ஆனால் உங்கள் வழக்கு நிற்பதற்கு இந்தப் பொதுக் காரணத்தோடு தனிக் காரணம் ஒன்றும் கட்டாயம் இருக்கும். இ-கோர்ட்ஸ் ஆப்பில் உங்கள் வழக்கின் சி.என்.ஆர். எண்ணை (ஒவ்வொரு வழக்குக்கும் உள்ள தனி அடையாள எண்) போட்டால் இதுவரை நடந்த ஒவ்வொரு வாய்தாவும் வரிசையாக வரும். பெரும்பாலானவர்கள் அடுத்த தேதியை மட்டும் பார்த்துவிட்டு மூடிவிடுகிறார்கள். பழைய தேதிகளைத் தட்டிப் பாருங்கள். அங்கேதான் விஷயம் இருக்கிறது.

நான் அடிக்கடி பார்ப்பது இது. அடிதடி வழக்கு, ஐந்து பேர் குற்றஞ்சாட்டப்பட்டவர்கள். நான்கு பேர் தவறாமல் வருகிறார்கள். மூன்றாம் எதிரி திருப்பூருக்கோ கேரளாவுக்கோ வேலைக்குப் போய்விட்டார். அவர் மேல் பிடிவாரண்டு போட்டாகிவிட்டது. அதற்குப் பிறகு பதினைந்து இருபது வாய்தாவுக்கு ஒரே வாசகம்தான்: ஏ-3-க்கு வாரண்டு நிலுவை. அந்த வாரண்டைக் கையில் வைத்திருக்கும் ஸ்டேஷனில் அது ஏதோ ஒரு ஃபைலில் தூங்குகிறது. மற்ற நான்கு பேரும், அடிபட்ட மனிதரும், வராத ஒருவருக்காக மூன்று வருடம் நடந்துகொண்டிருப்பார்கள். இதற்கு மருந்து ஹைகோர்ட்டில் இல்லை. ஏ-3-ஐப் பிரித்துத் தனி வழக்காக்கி, எங்கள் மீதான வழக்கை நடத்துங்கள் என்று அதே மேஜிஸ்திரேட்டிடம் ஒரு மனு போட வேண்டும். ஸ்பிளிட்-அப் என்று கோர்ட்டில் சொல்வது இதைத்தான்.

இன்னொரு வழக்கில் தடயவியல் ஆய்வக அறிக்கை வந்திருக்காது. வேறொன்றில் காயச் சான்று கொடுத்த டாக்டர் மாற்றலாகிப் போயிருப்பார்; சம்மன் பழைய ஆஸ்பத்திரிக்கே போய்த் திரும்பி வந்துகொண்டிருக்கும். இன்ஸ்பெக்டர் மாறிவிட்டார், புதியவருக்கு இந்த வழக்கே தெரியாது. குற்றப்பத்திரிகை நகல் எல்லோருக்கும் கொடுத்து முடியவில்லை. இவையெல்லாம் ஒரு மனுவில், சில நேரம் ஒரு மெமோவிலேயே, நகரக்கூடிய விஷயங்கள்.

பிறகு ஒன்று இருக்கிறது. எங்கள் தொழில்காரர்கள் மேலேயே பழி வரும் விஷயம் என்றாலும் சொல்லித்தான் ஆக வேண்டும். சாட்சி வந்து முதல் விசாரணை (அவரை அழைத்த தரப்பு கேள்வி கேட்பது) முடிந்திருக்கும். குறுக்கு விசாரணைக்கு எதிர்த்தரப்பு வக்கீல் தேதி கேட்பார். தேதி கிடைக்கும். வினோத் குமார் என்பவர் வழக்கில் உச்ச நீதிமன்றம் 2015-ல் இதைப் பற்றி மிகக் கடுமையாக எழுதியது. பஞ்சாபில் நடந்த லஞ்ச வழக்கு அது. முக்கிய சாட்சியின் முதல் விசாரணை 1999 செப்டம்பரில். குறுக்கு விசாரணை 2001 மே மாதம். இடையில் ஏறக்குறைய இருபது மாதம் ஓடியது. கூண்டில் மறுபடி ஏறியபோது சாட்சி முன்பு சொன்னதை மாற்றிப் பிறழ்ந்துவிட்டார். காலம் கடந்தால் மறதி மட்டுமா வரும்? மிரட்டல் வரும், சமாதானம் பேசுகிறவர் வருவார், பணம் வரும்.

சட்டம் இதற்கு இடம் கொடுக்கவில்லை என்பதுதான் வேதனை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 309-ஆவது பிரிவும், 2024 ஜூலை 1-ல் நடைமுறைக்கு வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 346-ஆவது பிரிவும் ஒன்றையே சொல்கின்றன. சாட்சி விசாரணை தொடங்கிவிட்டால் வந்திருக்கும் சாட்சிகள் எல்லோரையும் விசாரித்து முடிக்கும்வரை நாள்தோறும் நடத்த வேண்டும். வக்கீல் வேறு கோர்ட்டில் இருக்கிறார் என்பது வாய்தாவுக்குக் காரணமாகாது. சாட்சி வந்து நிற்கும்போது, எழுத்தில் பதிவு செய்யப்படும் தனிக் காரணம் இல்லாமல் அவரைத் திருப்பி அனுப்பக் கூடாது. புதிய சட்டம் இன்னொன்றையும் சேர்த்திருக்கிறது: ஒரு தரப்பின் கட்டுப்பாட்டை மீறிய காரணம் இருந்தால், எதிர்த்தரப்பின் ஆட்சேபணையைக் கேட்டு, காரணத்தை எழுதிவைத்து, இரண்டு வாய்தாவுக்கு மேல் போகாமல் கொடுக்கலாம். "எதிர்த்தரப்பின் ஆட்சேபணை" என்ற சொல்லைக் கவனியுங்கள். ஆட்சேபணை என்று ஒன்று எழுந்தால்தானே கோர்ட் அதைக் கேட்க முடியும்? நம் கோர்ட்டுகளில் ஒருவர் வாய்தா கேட்கும்போது மற்றவர் பேசாமல் இருப்பதுதான் வழக்கமாகிப் போயிருக்கிறது. இன்று அவருக்கு, நாளை எனக்கு.

ஹைகோர்ட்டுக்குப் போனால் என்ன கிடைக்கும்?

சென்னையிலும் மதுரைக் கிளையிலும் கிரிமினல் ஓ.பி. (குற்றவியல் அசல் மனு) என்ற எண்ணில் இத்தகைய மனுக்கள் தாக்கலாகும். "இந்த வழக்கை மூன்று மாதத்தில் முடிக்க உத்தரவிடுங்கள்" என்பதுதான் கோரிக்கை. இதற்கான பிரிவு பழைய சட்டத்தில் 482, இப்போது 528. கீழ்க் கோர்ட்டுகளில் வழக்குகள் விரைவாகவும் முறையாகவும் முடிகின்றனவா என்று மேற்பார்வை செய்யும் கடமையை உயர் நீதிமன்றத்துக்கு 529-ஆவது பிரிவும் கொடுத்திருக்கிறது.

இந்த மனுவை ஒரு கியூவில் முன்னால் போவதற்கான அனுமதிச் சீட்டாக நினைத்துப் பாருங்கள். ஒரு மேஜிஸ்திரேட்டிடம் இத்தகைய உத்தரவு ஒன்று வந்தால் அந்த வழக்கை எடுத்து முடித்துவிடுவார். இருபது வந்தால்? அதே கோர்ட்டில் இதைவிடப் பழைய வழக்குகள், சென்னைக்கு வந்து வக்கீல் வைக்க வசதியில்லாதவர்களின் வழக்குகள், பின்னால் தள்ளப்படும். கோர்ட்டின் நேரம் கூடுவதில்லை, வரிசை மட்டும்தான் மாறுகிறது.

2024 பிப்ரவரி 29 அன்று ஐந்து நீதிபதிகள் அடங்கிய உச்ச நீதிமன்ற அமர்வு அலகாபாத் உயர் நீதிமன்ற வழக்கறிஞர் சங்க வழக்கில் இதைத்தான் சொன்னது. மற்ற கோர்ட்டுகளில் நிலுவையில் உள்ள வழக்குகளுக்கு அரசியல் சட்ட நீதிமன்றங்கள் (உச்ச நீதிமன்றமும் உயர் நீதிமன்றங்களும்) சாதாரணமாகக் கெடு வைக்கக் கூடாது. அசாதாரணமான சூழலில் மட்டும் வைக்கலாம். எந்த வழக்கை முதலில் எடுப்பது என்பது களத்தில் இருக்கும் அந்தந்த நீதிபதிக்குத்தான் தெரியும். ஜாமீனை மறுத்துவிட்டு, ஆறுதலுக்கு "விசாரணையை ஆறு மாதத்தில் முடி" என்று உத்தரவிடும் பழக்கத்தையும் அதே ஆண்டில் உச்ச நீதிமன்றம் கண்டித்தது. இந்தத் தீர்ப்பு சரி என்பதே என் எண்ணம். கெடு வாங்க வழி தெரிந்தவருக்கு முன்னுரிமை, தெரியாதவருக்குக் காத்திருப்பு என்பதை நியாயம் என்று என்னால் சொல்ல முடியவில்லை.

ஆகவே இப்போது ஹைகோர்ட்டுக்குப் போகிறவர் வெறும் "மூன்று மாதம்" கேட்டுப் போகக் கூடாது. என் வழக்கு ஏன் அசாதாரணமானது என்று காட்ட வேண்டும். கீழ்க் கோர்ட்டில் எத்தனை முறை கேட்டேன், என்ன பதில் வந்தது என்றும் காட்ட வேண்டும். அந்துலே தீர்ப்பு சொன்ன "கேட்டும் கிடைக்கவில்லை" என்பது இங்கேதான் கைகொடுக்கும்.

முதல் மனு விசாரணைக் கோர்ட்டிலேயே

அந்த மனுவில் என்ன எழுதுவது? வசனம் வேண்டாம். 'நீதி தாமதிக்கப்பட்டால்' என்று தொடங்கும் பத்தியை நீதிபதி ஆயிரம் தடவை படித்திருப்பார். தேதிகளை எழுதுங்கள். குற்றப்பத்திரிகை தாக்கலான நாள், குற்றச்சாட்டு வனைந்த (கோர்ட் அதை முறையாகப் பதிவு செய்த) நாள், முதல் சாட்சி விசாரணைக்கு வைத்த நாள், அதற்குப் பிறகு எத்தனை வாய்தா, அதில் எத்தனை அரசுத் தரப்பால், எத்தனை நம்மால். நம் பக்கத் தவறையும் மறைக்காமல் எழுத வேண்டும். இல்லாவிட்டால் அரசு வழக்கறிஞர் அதைத்தான் முதலில் எடுத்துக் காட்டுவார். நீங்கள் வராமல், பழைய சட்டத்தின் 317-ஆவது பிரிவில் ஆஜராவதிலிருந்து விலக்குக் கேட்டு மனு போட்ட நாட்களும் அந்தக் கணக்கில் சேரும்.

அதன் பிறகு, என்ன வேண்டும் என்று ஒரே ஒரு விஷயத்தைக் கேளுங்கள். சாட்சி 4, 5, 6-க்கு இன்ன தேதிக்குச் சம்மன் அனுப்பி அன்றே மூவரையும் விசாரியுங்கள். அல்லது, வாரண்டு நிலவரத்தை இன்ஸ்பெக்டர் நேரில் வந்து சொல்லட்டும். சிறையில் இருப்பவர், முதியவர், கடும் நோயாளி, ஊனமுற்றவர், வேலையோ பாஸ்போர்ட்டோ இந்த வழக்கால் நிற்கிறவர் என்றால் அதற்கான சான்றைச் சேருங்கள். வழக்கு ஐந்து வருடத்தைத் தாண்டிவிட்டதா? அதை முதல் பத்தியிலேயே சொல்லுங்கள். 2017-ல் ஹுசைன் வழக்கில் உச்ச நீதிமன்றம், ஐந்தாண்டுக்கு மேற்பட்ட வழக்குகளை முடிக்க முயற்சி வேண்டும் என்றது. குற்றஞ்சாட்டப்பட்டவர் சிறையில் இருந்தால் மேஜிஸ்திரேட் விசாரணை சாதாரணமாக ஆறு மாதத்திலும், செஷன்ஸ் விசாரணை இரண்டு வருடத்திலும் முடிய வேண்டும் என்றும் சொன்னது.

பாதிக்கப்பட்டவர்களுக்கும் இதே வழி உண்டு. போக்சோ வழக்கில் கோர்ட் வழக்கைக் கோப்பில் எடுத்த 30 நாளுக்குள் குழந்தையின் சாட்சியத்தைப் பதிவு செய்ய வேண்டும், கூடுமானவரை ஒரு வருடத்துக்குள் விசாரணையை முடிக்க வேண்டும் என்று அந்தச் சட்டத்தின் 35-ஆவது பிரிவே சொல்கிறது. ஒரு குழந்தை எட்டு வயதில் நடந்ததைப் பதினான்கு வயதில் கூண்டில் நின்று மறுபடி சொல்ல வேண்டியிருப்பது எப்படிப்பட்ட கொடுமை என்று நான் விளக்க வேண்டியதில்லை. செக் மோசடி வழக்குகளுக்கும் ஆறு மாத இலக்கு சட்டத்தில் இருக்கிறது. நடைமுறையில் அது வெறும் இலக்காகவே இருக்கிறது.

உள்ளே இருப்பவர் என்றால் கணக்கு வேறு

இந்தியச் சிறைகளில் இருப்பவர்களில் நான்கில் மூன்று பேர் தண்டனை பெற்றவர்கள் அல்ல, விசாரணைக் கைதிகள். தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் 2022-ஆம் ஆண்டுக் கணக்குப்படி 5,73,220 பேரில் 4,34,302 பேர். உள்ளே இருப்பவருக்கு விசாரணை வேகத்தைவிட ஜாமீன் வேகம்தான் முதல் தேவை. புலன்விசாரணை 60 அல்லது 90 நாளில் முடியாவிட்டால் கிடைக்கும் ஜாமீன் பலருக்குத் தெரியும். தெரியாதது புதிய சட்டத்தின் 479-ஆவது பிரிவு. அதிகபட்ச தண்டனையில் பாதியை உள்ளேயே கழித்துவிட்டவரை ஜாமீனில் விட வேண்டும். முன்பு எந்தத் தண்டனையும் பெறாத, முதல் முறை சிக்கியவர் என்றால் மூன்றில் ஒரு பங்கு போதும். மூன்றாண்டு வரை தண்டனை உள்ள திருட்டு வழக்கென்றால் பாதி என்பது ஒன்றரை வருடம். முதல் முறைக்காரருக்கு ஒரு வருடம். தூக்கு, ஆயுள் தண்டனை வரக்கூடிய குற்றங்களுக்கு இது கிடையாது. ஒன்றுக்கு மேற்பட்ட வழக்கு நிலுவையில் இருந்தாலும் சிக்கல்தான். நீங்களே இழுத்தடித்த காலம் கழிக்கப்படும். இந்தக் கணக்கை முடித்துக் கோர்ட்டுக்கு எழுத வேண்டியது சிறைக் கண்காணிப்பாளரின் கடமை என்று சட்டம் சொல்கிறது. 2024 ஜூலைக்கு முந்தைய வழக்குகளுக்கும் இது பொருந்தும் என்று அடுத்த மாதமே உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. வீட்டில் இருப்பவர்கள் கைதான தேதியை எழுதிவைத்து, தாங்களே கணக்குப் போட்டுப் பார்ப்பது நல்லது. வக்கீல் வைக்க முடியாதவர்கள் மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போகலாம், அல்லது 15100-க்கு போன் செய்யலாம். ஒரு பைசா செலவில்லை.

இத்தனையும் தாண்டி ஹைகோர்ட் கெடு வைத்து உத்தரவு போட்டுவிட்டது என்று வைத்துக்கொள்வோம். உத்தரவின் கடைசி வரியைப் படியுங்கள். "இந்த உத்தரவின் நகல் கிடைத்த நாளிலிருந்து" இத்தனை மாதத்துக்குள் என்றுதான் பெரும்பாலும் இருக்கும். ஜெயித்துவிட்டோம் என்று வீட்டுக்குப் போய்விட்டு, நகலைக் கீழ்க் கோர்ட்டில் கொடுக்காமலே மாதக்கணக்கில் காத்திருந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். சான்றிட்ட நகலுக்கு அன்றே விண்ணப்பியுங்கள். கைக்கு வந்ததும் ஒரு மெமோவோடு விசாரணைக் கோர்ட்டில் கொடுத்து, உங்கள் பிரதியில் சீலும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள். கெடு அந்தத் தேதியிலிருந்துதான் ஓடும்.